அடுத்த வீட்டு ஆகாயம்

மண்ணுக்காக அடித்துக்கொண்டவர்களின் கதையை என் தொழிலில் இருப்பவர்கள் சலிக்கச் சலிக்க எழுதித் தீர்த்துவிட்டார்கள். ஊசிமுனை நிலம்கூடத் தரமாட்டேன் என்ற துரியோதனனில் ஆரம்பித்து, வரப்பை ஒரு சாண் தள்ளி வைத்ததற்காக அரிவாளைத் தூக்கிய பங்காளி வரைக்கும் நம் கதைகளில் இடம் பெற்றாகிவிட்டது. ஆகாயத்துக்காக நடக்கிற சண்டையைத்தான் நாங்கள் கவனிக்கவில்லை. ஏதாவது ஒரு சிற்றூர் முன்சீப் கோர்ட்டு வராந்தாவில் ஒரு நாள் காலை நின்று பாருங்கள். பாகப்பிரிவினை, கடன் பத்திரம், ஜீவனாம்சம் என்று கூப்பிட்டுக்கொண்டு வருகிற வரிசையில், மின்சாரக் கம்பியைப் பற்றிய வழக்கு ஒன்றாவது இருந்துவிடும்.

விஷயம் ரொம்பச் சின்னது. கம்பம் தெருவில் நிற்கிறது. வீடு உள்ளே தள்ளி இருக்கிறது. கம்பத்திலிருந்து வீட்டுக்கு வரவேண்டிய சர்வீஸ் வயருக்கும் வீட்டுக்கும் நடுவே இன்னொருவருடைய மனை கிடக்கிறது. அந்த மனையின் தரையை யாரும் தொடப்போவதில்லை. சுண்டுவிரல் பருமனுள்ள ஒரு கம்பி, ஆள் கைக்கு எட்டாத உயரத்தில், ஒரு மூலையைத் தாண்டிப் போகவேண்டும். மனைக்காரர் கூடாது என்கிறார். இதற்காக மூன்று வருஷம் வாய்தா வாங்கியவர்களை நான் அறிவேன்.

கேரளத்தில் இந்த வழக்குகள் இன்னும் அதிகம். அங்கே வீடுகள் நம்முடையவை போலத் தெருவை அணைத்துக்கொண்டு வரிசையாக நிற்பதில்லை. தோப்புக்கு நடுவே ஒவ்வொன்றாக ஒதுங்கி நிற்கின்றன. ஒருவர் தென்னந்தோப்பைத் தாண்டாமல் இன்னொருவர் வீட்டுக்கு வெளிச்சம் போக முடியாது. நம் பக்கத்தில் பெரும்பாலும் பாகப்பிரிவினையில்தான் இந்தச் சிக்கல் பிறக்கிறது. தெருவிலிருந்து கொல்லைவரை நீண்டு கிடந்த ஒரே வீட்டை முன்கட்டு, பின்கட்டு என்று வெட்டிக்கொள்கிறார்கள். கிணற்றைப் பொதுவில் வைக்கிறார்கள். சுவரைப் பொதுச்சுவர் என்று எழுதுகிறார்கள். மேலே உள்ள வெளியைப் பற்றிப் பத்திரம் எழுதுகிறவருக்கு ஞாபகம் வருவதே இல்லை.

தஞ்சாவூர்ப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில் நடந்த வழக்கு இது. வக்கீல் நண்பர் ஒருவர் மூலமாக இரு தரப்பையும் எனக்குத் தெரியும். முன்கட்டு அண்ணனுக்கு, பின்கட்டு தம்பிக்கு. தம்பி காலமாகிவிட்டார், அவர் மனைவியும் ஒரு பெண்ணும் பின்கட்டில் இருந்தார்கள். மீட்டர் அண்ணன் பெயரில் இருந்தது. பாகம் பிரிந்த பிறகும், தம்பி போன பிறகும், அதே மீட்டரிலிருந்துதான் பின்கட்டுக்கு மின்சாரம் போயிற்று. அதற்கென்று அவர் ஒரு பைசா வாங்கியதில்லை. தம்பியின் காரியங்களுக்கும் அவர்தான் செலவு செய்தார். அந்தப் பெண்ணின் பள்ளிக்கூடச் சம்பளத்தையும் சில வருஷம் கட்டியிருக்கிறார். கெட்ட மனிதர் என்று ஊரில் ஒருவர் சொல்லிவிட முடியாது.

ஆனால் அவருக்கு ஒரு பழக்கம். ராத்திரி பத்து மணிக்குப் பின்கட்டுக்குப் போகிற மெயினை நிறுத்திவிடுவார். இதில் துவேஷம் ஒன்றும் இல்லை. அவர் வீட்டிலும் பத்து மணிக்கு எல்லா விளக்கையும் அணைத்துவிட்டுப் படுக்கிறவர்தான். "பத்து மணிக்கு மேலே என்னத்துக்கு லைட்டு?" என்பது அவருடைய கொள்கை. பின்கட்டுப் பெண் பன்னிரண்டாம் வகுப்பில் இருந்தாள். பத்து மணிக்கு மேல் படிக்க வேண்டியிருந்தது. சில நாள் மெழுகுவர்த்தி. சில நாள் செல்போன் வெளிச்சம். கடைசியில் தாயார் தன் பெயரிலேயே ஒரு கனெக்‌ஷன் கேட்டு மின்சார வாரியத்துக்கு மனுப் போட்டாள்.

அன்றைக்குத்தான் அண்ணனுக்குக் கோபம் வந்தது. "நான் அவகிட்டே காசா கேட்டேன்? நம்ம வீட்டுக் கரெண்டு இல்லையா அது? எதுக்குத் தனியா இழுக்கணும்?" என்று என்னிடமே கேட்டிருக்கிறார். வாரியத்துக்காரர்கள் வந்து பார்த்தார்கள். கம்பத்திலிருந்து பின்கட்டுக்குக் கம்பி வருவதென்றால் முன்கட்டு மொட்டைமாடியின் கிழக்கு மூலையைத் தாண்டித்தான் வரவேண்டும். வேறு வழி என்றால் கோயில் குளத்தைச் சுற்றிக் கொண்டுவர வேண்டும். இரண்டு கம்பம் கூடுதலாக நடவேண்டும். நடுவில் இன்னொருவர் தோப்பு. அண்ணன் எழுத்து மூலமாக ஆட்சேபணை கொடுத்துவிட்டார்.

அவள் சொன்னதையும் எழுதிவிடுகிறேன். "அவங்க குடுக்கலேன்னு நான் சொல்லலே சார். குடுத்துக்கிட்டேதான் இருந்தாங்க. ஆனா என் வீட்டு வெளக்க அணைக்கிற ஸ்விட்சு அவங்க வீட்டுலே இருக்கு."

இந்த வழக்கை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பாக இருப்பது, மறுத்தவர் கொடையாளி என்பதுதான். கொடுக்க மாட்டேன் என்று சொல்கிற கருமியைப் புரிந்துகொள்வது சுலபம். இவர் மின்சாரத்தையே கொடுக்கத் தயார். கம்பி போக இடம் கொடுக்கத்தான் தயாரில்லை. பார்க்கப் போனால் மின்சாரத்துக்கு மாதாமாதம் பணம் ஆகிறது. கம்பிக்கு ஒன்றும் ஆவதில்லை. ஆனால் மின்சாரத்தைக் கொடுத்தால் அவர் கொடுத்தவராக இருப்பார். கம்பிக்கு இடம் விட்டால் அவள் யாருடைய தயவும் இல்லாமல் விளக்கேற்றுகிறவளாக ஆகிவிடுவாள். நாம் செய்கிற உபகாரங்களில் எத்தனை இந்த மாதிரி, பிறர் நம்மிடம் வந்து நிற்பதற்காகவே செய்யப்படுகின்றன என்பதை நினைத்தால் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது. இன்னொரு விஷயம்: ஒரு மீட்டரிலிருந்து வேறொரு குடும்பத்தின் வீட்டுக்கு இழுத்துக் கொடுப்பது வாரியத்தின் விதிக்கு விரோதம். அவருடைய தர்மம் சட்டப்படி குற்றமாகவும், அவருடைய மறுப்பு சட்டப்படி உரிமையாகவும் இருந்த விநோதம் இது.

சட்டம் என்ன சொல்கிறது? நான் சட்டம் படித்தவனில்லை. வக்கீல் நண்பரின் புத்தகங்களைப் புரட்டிப் பார்த்த அளவில் சொல்கிறேன். நிலத்துக்குச் சொந்தக்காரனுக்கு அதற்கு மேலே வானம் வரையிலும், கீழே பாதாளம் வரையிலும் சொந்தம் என்று லத்தீன் மொழியில் ஒரு பழைய வாக்கியம் உண்டு. ஆங்கிலேயர்கள் அதை வெகுநாள் நம்பிக்கொண்டிருந்தார்கள். 1946-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், கோழிப்பண்ணைக்கு மேலே தாழப் பறந்த ராணுவ விமானங்களைப் பற்றிய வழக்கில், இந்தக் காலத்து உலகில் அந்த வாக்கியத்துக்கு இடமில்லை என்று சொல்லிவிட்டது. ஆனால் அதே தீர்ப்பில், தாழப் பறந்து கோழிகளைக் கலவரப்படுத்தியதற்கு நஷ்டஈடு உண்டு என்றும் சொன்னது. வானம் முழுவதும் உனக்கில்லை. நீ புழங்குகிற அளவுக்கு உண்டு என்று அர்த்தம். இங்கிலாந்தில் 1957-ல், பக்கத்துக் கடைக்கு மேலே சில அங்குலம் நீட்டிக்கொண்டிருந்த ஒரு சிகரெட் விளம்பரப் பலகையை அகற்றும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. அந்த அங்குலங்களால் கடைக்காரருக்குப் பெரிய நஷ்டம் ஒன்றும் இல்லை; இருந்தாலும் அது அத்துமீறல்தான் என்று நீதிபதி சொன்னார். நம்முடைய முன்கட்டு அண்ணன் இந்தத் தீர்ப்பைக் கேட்டிருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார்.

நம் நாட்டில் 1910-ஆம் வருஷத்து மின்சாரச் சட்டமும் ஏறக்குறைய அவர் பக்கம்தான் நின்றது. உடைமையாளரும் குடியிருப்பவரும் சம்மதிக்காமல் தனியார் நிலத்தின் மேலே கம்பி போடக்கூடாது என்பது அதன் பொது விதி. 2003-ல் வந்த சட்டம் வேறு திசையிலிருந்து தொடங்குகிறது. வீட்டுக்காரரோ குடியிருப்பவரோ கேட்டால் மின்சாரம் கொடுத்தே ஆகவேண்டும். சாதாரணமாக மனு வந்து ஒரு மாதத்துக்குள் கொடுக்க வேண்டும் என்று அதன் 43-ஆம் பிரிவு கடமை விதிக்கிறது. 2006-ல் செய்த விதிகள் இரண்டையும் முடிச்சுப் போடுகின்றன: முதலில் உடைமையாளரின் சம்மதம் கேட்க வேண்டும், அவர் ஆட்சேபித்தால் கலெக்டரிடமோ போலீஸ் கமிஷனரிடமோ எழுத்து மூலம் அனுமதி வாங்க வேண்டும், அவர் இரு தரப்பையும் விசாரித்து, நஷ்டஈடோ வருஷ வாடகையோ நிர்ணயிப்பார். 2013-ல் சென்னை உயர் நீதிமன்றம் திருவண்ணாமலை மாவட்டத்து வழக்கு ஒன்றில், பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் இருட்டில் இருக்க நேர்வதை எடுத்துச் சொல்லி, மின்சாரத்தை உயிர்வாழும் உரிமையோடு சேர்த்தே பார்த்திருக்கிறது.

இதில் ஒரு வேடிக்கை. கம்பிக்காரர்களுக்குத் தந்தி இலாகாவுக்கு இருந்த அதிகாரத்தையே கொடுக்கலாம் என்று 2003 சட்டம் சொல்கிறது. அந்த அதிகாரம் 1885-ஆம் வருஷத்துத் தந்திச் சட்டத்தில் இருக்கிறது. 2013 ஜூலையில் நாட்டில் தந்தி சேவையே நின்றுபோயிற்று. 2023-ல் அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வேறு சட்டமும் இயற்றியாகிவிட்டது. மரணச் செய்தியையும் கல்யாண வாழ்த்தையும் சுமந்துகொண்டிருந்த கம்பி போன பிறகும், அதற்காக எழுதிய வாசகத்தின் மேல் நம் வீட்டு மின்சாரம் வெகுதூரம் நடந்துவந்திருக்கிறது. அந்தப் பழைய சட்டத்தில் எனக்குப் பிடித்த ஒரு வரம்பு உண்டு: கம்பி போடுகிறவருக்கு அந்த இடத்தை உபயோகிக்கும் உரிமை மட்டுமே உண்டு, அதற்கு மேல் எந்தப் பாத்தியதையும் கிடையாது.

அண்ணனின் பயம் இந்த இடத்தில்தான் இருந்தது. அதை வெறும் வீம்பு என்று தள்ளிவிட நான் தயாரில்லை. நம் ஊரில் இடம் விட்டவர்கள் பட்ட பாடு அவருக்குத் தெரியும். இன்றைக்கு ஓர் ஆடு போக வழி விட்டால் இருபது வருஷத்தில் அது வண்டிப்பாதையாகி நிற்கும். 1882-ஆம் வருஷத்து அனுபோக உரிமைச் சட்டத்திலேயே அந்த இருபது வருஷக் கணக்கு இருக்கிறது. "இப்ப கம்பின்னு வருவாங்க, அப்புறம் அந்த மூலையே எங்களுதும்பாங்க" என்றார். அதற்கு மேல் மாடி கட்டும் யோசனையும் அவருக்கு இருந்தது. மொட்டைமாடிக்கு மேலே கம்பி போனால் இரண்டரை மீட்டர் இடைவெளி வேண்டும். பக்கவாட்டில் போனால் ஒன்றேகால் மீட்டருக்குச் சற்றுக் குறைவாக வேண்டும் என்பது பாதுகாப்பு விதி. மாடி எழுப்ப வேண்டுமானால் வாரியத்துக்கு எழுதிப்போட்டுக் கம்பியை நகர்த்தச் சொல்ல வேண்டும். அந்தச் செலவு யார் தலையில் என்று இன்னொரு தகராறு. ஆகையால், "உனக்கு என்ன நஷ்டம்?" என்று அவரைப் பார்த்துக் கேட்பவர்கள் கொஞ்சம் நிதானித்துக் கேட்பது நல்லது.

அவருடைய வக்கீல் இன்னொரு வாதத்தையும் எடுத்தார். பாகப்பத்திரத்தில் பின்கட்டுக்கு நாலடிச் சந்து ஒன்று விட்டிருந்தது. கம்பியைச் சந்துக்குள் பூமிக்கடியில் கொண்டுபோகலாமே என்று ஒருவர் யோசனை சொன்னார். சந்து நடந்து போவதற்கு விட்டது, கம்பி போவதற்கு விட்டதில்லை என்று வக்கீல் சொல்லிவிட்டார். ஒரு வகை வழியுரிமை இன்னொரு வகை வழியுரிமையை உள்ளடக்காது என்பது அனுபோக உரிமைச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு. ஆக அந்தச் சந்தில் மனிதர் போகலாம், தண்ணீர்க் குடம் போகலாம், அவள் புருஷனின் பாடைகூடப் போயிற்று; மின்சாரம் போகக் கூடாது. சட்டம் தெரிந்தவர்களுக்கு இதில் சிரிக்க ஒன்றுமில்லை என்றே நினைக்கிறேன்.

இனி நியாயத்துக்கு வருகிறேன். தனக்கு நஷ்டமில்லாத, பிறனுக்குப் பயனுள்ள காரியத்தை மறுப்பது பாவமா? இந்தக் கேள்வி மின்சாரத்துக்கு வெகுகாலம் முந்தியது. ரோமாபுரியில் சிசரோ தன் மகனுக்காகக் கடமைகளைப் பற்றி எழுதிய நூலில், ஓடுகிற தண்ணீர், மூட்டிய நெருப்பு, வழி தெரியாதவனுக்குச் சொல்லும் யோசனை இவற்றை ஒரே வகையில் சேர்க்கிறார். கொடுப்பவனுக்குக் குறையாதவை என்பதால் இவற்றை முன்பின் தெரியாதவனுக்கும் மறுக்கக் கூடாது என்பது அவர் கட்சி. 1625-ல் ஹாலந்து தேசத்து க்ரோஷியஸ், தீங்கற்ற உபயோகத்துக்குப் பிறர் சொத்தின்மேல் ஓர் உரிமையே உண்டு என்கிற வரைக்கும் போனார். யூதர்களின் மதச் சட்டத்தில் இந்த மறுப்புக்கு ஒரு பெயரே இருக்கிறது: சோதோம் ஊர்க்காரனின் குணம். அந்தக் குணத்தைக் கைவிடும்படி ஒருவனை நிர்ப்பந்திக்கலாம் என்றும் அவர்களுடைய பண்டிதர்கள் தீர்மானித்திருக்கிறார்கள்.

நம் கிராமங்களில் இதைப் புத்தகம் பார்த்துத் தெரிந்துகொள்ளவில்லை. தீப்பெட்டி தாராளமாகப் புழங்காத காலத்தில் அடுத்த வீட்டு அடுப்பிலிருந்து வறட்டியில் கங்கு வாங்கிவந்து அடுப்பு மூட்டிய பெண்களை என் பாட்டி எனக்குச் சொல்லியிருக்கிறாள். ஆனால் அதே பாட்டி, விளக்கு வைத்த பிறகு உப்போ தயிரோ யார் கேட்டாலும் கொடுக்க மாட்டாள், லட்சுமி போய்விடுவாளாம். கொடுப்பது தர்மம் என்பதும், கொடுக்கிற நேரத்தைத் தீர்மானிப்பது என் உரிமை என்பதும் அவள் மனசில் சண்டையில்லாமல் குடியிருந்தன. முன்கட்டு அண்ணனின் பத்து மணி ஸ்விட்சுக்கும் இதற்கும் தூரம் அதிகமில்லை. முல்லைக்கொடி படரக் கொம்பில்லை என்று தேரையே நிறுத்திவிட்டுப் போன பாரியை நாம் கொண்டாடுகிறோம். அந்தக் கொடி மனுப் போட்டு, தேர் நிற்க வேண்டிய இடத்தை அளந்து காட்டியிருந்தால் பாரி என்ன செய்திருப்பான் என்று புலவர்கள் சொல்லவில்லை.

இருந்தாலும் கங்கும் கம்பியும் ஒன்றல்ல. கங்கை வாங்கிக்கொண்டு அவள் போய்விடுகிறாள். கம்பி அங்கேயே கிடக்கிறது. நியூயார்க் நகரத்தில் ஐந்து மாடிக் கட்டடம் ஒன்றின் சொந்தக்காரி, கூரைமேல் கேபிள் டெலிவிஷன்காரர்கள் போட்ட கம்பிக்காக உச்ச நீதிமன்றம் வரை போனாள். அரை அங்குலப் பருமன்கூட இல்லாத கம்பி அது. நிரந்தரமாக ஓர் இடத்தில் குந்திக்கொள்வது எவ்வளவு சிறியதானாலும் அது சொத்தை எடுத்துக்கொள்வதுதான், அதற்கு ஈடு கொடுக்க வேண்டும் என்று 1982-ல் தீர்ப்பாயிற்று. அதற்கு முன் அந்த மாகாணத்தில் அதிகாரிகள் நிர்ணயித்திருந்த ஈடு ஒரே ஒரு டாலர். தீர்ப்பைப் படித்தபோது, அவள் டாலருக்காகப் போகவில்லை, கேட்டுவிட்டுப் போடவில்லையே என்ற வருத்தத்துக்காகப் போயிருக்கிறாள் என்று எனக்குத் தோன்றியது. இது என் ஊகம்தான்.

"உனக்கு என்ன நஷ்டம்?" என்ற கேள்வியை யார் யாரைப் பார்த்துக் கேட்கிறார்கள் என்பதையும் கவனிக்க வேண்டும். 2018-லும் அதற்கு அடுத்த ஆண்டிலும் கொங்கு நாட்டு விவசாயிகள் தங்கள் வயலில் உயரழுத்த மின்கோபுரம் நடுவதை எதிர்த்து உண்ணாவிரதம், மறியல் என்று போராடினார்கள். கோபுரம் நிற்கிற இடம் கொஞ்சம்தானே, கம்பி உன் தலைக்கு மேலே எவ்வளவோ உயரத்தில்தானே போகிறது என்றுதான் அவர்களிடமும் சொன்னார்கள். அந்தக் கம்பிக்குக் கீழே தென்னை வளர்க்க முடியாது. அந்த நிலத்தை நல்ல விலைக்கு வாங்க ஆள் வராது. விதவையின் ஒற்றை விளக்குக்காகப் பேசுகிற நியாயத்தை, பெரிய கம்பெனியும் சர்க்காரும் சின்ன விவசாயியிடம் பேசுகிறபோது அதன் நிறம் மாறிவிடுகிறது. க்ரோஷியஸின் தீங்கற்ற உபயோகத்தில், தீங்கு உண்டா இல்லையா என்று சொல்ல வேண்டியவர் உபயோகிக்கிறவர் அல்ல என்பது என் அபிப்பிராயம். நிலத்துக்காரர் மட்டுமே சொல்வதும் சரியில்லை. அவர் கண்ணுக்கு எல்லாமே தீங்காகத்தான் படும். மூன்றாவது ஒருவர் நேரில் வந்து பார்த்துச் சொல்ல வேண்டும்.

இதற்காகச் சட்டத்தைக் கூப்பிடுவது சிலருக்குப் பிடிக்காது. எங்கள் ஊர்ப் பெரியவர்கள், "கையைப் பிடித்துக் கேட்டிருந்தால் கொடுத்திருப்பான், கலெக்டரிடம் போனதுதான் தப்பு" என்பார்கள். கையைப் பிடித்துக் கேட்டிருந்தால் அவர் கொடுத்திருக்கலாம் என்பது உண்மையாகவே இருக்கட்டும். அவள் வாழ்நாள் முழுவதும் அந்தக் கையைப் பிடித்தபடியே இருக்க வேண்டும் என்பதைப் பெரியவர்கள் சொல்வதில்லை. நிர்ப்பந்தத்தின் பேரில் செய்த நன்மைக்கு மோட்சம் கிடையாது என்று சாஸ்திரக்காரர் சொல்லலாம். அண்ணனின் மோட்சத்துக்காக அந்தப் பெண் மெழுகுவர்த்தியில் படிக்க வேண்டுமா? கலெக்டர் உத்தரவில் யாருக்கும் யாரும் நன்றி சொல்ல வேண்டியதில்லை. இந்த வழக்கில் அதை ஒரு கருணையாகவே நான் நினைக்கிறேன். அவருக்கும்தான். தம்பி மனைவி தன்னை மதிக்கவில்லை என்ற மனக்குறையை, சர்க்கார் தன்னை மதிக்கவில்லை என்ற மனக்குறையாக அவர் மாற்றிக்கொள்ள முடிந்தது. இது பொறுத்துக்கொள்ளச் சுலபம்.

வழக்கு நடந்த விதத்தில் எனக்குத் திருப்தி இல்லை. அண்ணன் முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு கேட்டார். ஆட்சேபணையைக் கலெக்டரிடம் சொல்லிக்கொள்ளுங்கள் என்று கோர்ட்டு மனுவைத் தள்ளியது. கலெக்டர் ஆபீசில் கட்டு மேஜைக்கு மேஜை நகர்ந்தது. தாசில்தார் இரண்டு தடவை வந்து டேப் பிடித்து அளந்தார். ஒரு மாதம் என்று சட்டம் சொன்ன காரியம் பதினான்கு மாதம் இழுத்தது. அதற்குள் அந்தப் பெண்ணின் பரீட்சை முடிந்து, முடிவும் வந்து, அவள் நர்ஸிங் படிக்க விரும்பியது கைகூடாமல் வேறு ஏதோ வகுப்பில் சேர்ந்துவிட்டாள். மார்க்கு குறைந்ததற்குக் காரணம் விளக்குத்தான் என்று நான் சொல்லப் போவதில்லை. அவள் தாயாரும் அப்படிச் சொல்லவில்லை.

கம்பியை மூலையை ஒட்டி, கூடுமானவரை வெளியே தள்ளிப் போட்டார்கள். அண்ணனுக்கு ஒரு சிறு தொகை ஈடாக நிர்ணயமாயிற்று. அதை அவர் வாங்கிக்கொள்ளவில்லை. இந்த வருஷம் மகனுக்குக் கல்யாணம் நிச்சயமாகி, மாடி கட்டுகிற யோசனை மறுபடி வந்திருக்கிறது. வாரியத்துக்கு எழுதிப்போட்டிருக்கிறார். லைன்மேன் வந்து, கம்பியை இன்னும் ஐந்தடி கிழக்கே ஒதுக்கப் பின்கட்டுச் சுவரில் ஓர் ஆங்கிள் அடிக்க வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அதற்குப் பின்கட்டுக்காரியின் சம்மதம் எழுத்து மூலமாக வேண்டுமாம்.